ஒரு கோப்பைத் தேநீரின் விலை: சுரண்டலை வெளிக்கொணரும் விவரணப்படங்கள்

க.பொ.த (சாதாரண தரம்)
தொடர்பாடலும் ஊடகக் கற்கையும் – துணைப்பாடம்

இப்பாடத்தைக் கற்றபின் நீங்கள் அடையவேண்டிய தேர்ச்சிகள்

1. பிரசார விவரணப்படத்துக்கும் புலனாய்வு விவரணப்படத்துக்கும் உள்ள வேறுபாட்டை உதாரணத்துடன் விளக்குவீர்கள்.
2. தேயிலை, தீப்பெட்டி ஆகிய கைத்தொழில்களின் உண்மை நிலையை வெளிக்கொணர்ந்த விவரணப்படங்களை ஆண்டுடன் குறிப்பிடுவீர்கள்.
3. புலனாய்வு விவரணப்படம் ஒன்று உருவாகும் படிமுறைகளை ஒழுங்காக எழுதுவீர்கள்.
4. எந்தவொரு படத்தையும் பார்க்கும்போது கேட்கவேண்டிய நான்கு வினாக்களைப் பயன்படுத்துவீர்கள்.

1. அறிமுகம்

மாணவர்களே, இலங்கைத் தேயிலை விளையும் ஏழு பிரதேசங்களுள் நமது உடப்புசல்லாவையும் ஒன்றாகும். நாம் பிறந்தது முதல் தேயிலை மலைகளைப் பார்த்து வருகிறோம். ஆனால், வெளியுலகம் தேயிலையைப் பார்ப்பது பெரும்பாலும் படங்களின் வாயிலாகத்தான்.

ஒருநாள் வகுப்பில் தேயிலைப் பக்கற் ஒன்றின் அட்டையைக் காட்டினேன். பட்டுச்சேலை உடுத்து, நகை அணிந்து, கூடை சுமந்து ஒரு பெண் அதில் சிரித்துக்கொண்டிருந்தார். "இந்தப் படத்தில் என்ன இல்லை?" என்று கேட்டேன். சற்று நேரம் ஒருவரும் பேசவில்லை. பின்வரிசையில் இருந்த மாணவி ஒருவர் எழுந்து, "டீச்சர், இதுல படங்கு இல்ல. எங்க அம்மா இடுப்புல படங்கு கட்டாம மலைக்குப் போனதே இல்ல" என்றார். அதன்பின் எல்லோரும் சொல்லத் தொடங்கினார்கள். மழை இல்லை, அட்டை இல்லை, கங்காணி இல்லை, நிறுக்கும் தராசு இல்லை.

அந்த மாணவி கூறிய விடையே இப்பாடத்தின் தொடக்கமாகும். ஒரு படம் காட்டுவதை மட்டுமன்றி, அது காட்டாமல் விடுவதையும் கவனிக்கப் பழகவேண்டும். காட்டாமல் விடப்பட்டதைத் தேடிச்சென்று, சான்றுடன் காட்டுபவரே புலனாய்வு விவரணப்பட இயக்குநர் ஆவார்.

2. விவரணப்படம் என்றால் என்ன?

உண்மையான மனிதர்களையும், உண்மையான இடங்களையும், உண்மையான நிகழ்வுகளையும் அடிப்படையாகக் கொண்டு எடுக்கப்படும் படம் விவரணப்படம் எனப்படும். ஆவணப்படம் என்றும் இதனைக் கூறுவர். கதைப்படத்தில் நடிகர் நடிப்பார். விவரணப்படத்தில் வாழ்பவரே தோன்றுவார்.

'உண்மையானது' என்பதனால் விவரணப்படம் எப்போதும் பக்கம் சாராதது என்று எண்ணிவிடக் கூடாது. கமராவை எங்கே வைப்பது, யாரைப் பேசவிடுவது, எதை வெட்டி நீக்குவது என்பதை எல்லாம் ஒருவர் தீர்மானிக்கிறார். பிரித்தானிய விவரணப்பட இயக்கத்தின் முன்னோடியான ஜோன் கிரியர்சன், நடைமுறை உண்மையைப் படைப்பாற்றலுடன் கையாளுவதே விவரணப்படம் என்ற கருத்தை முன்வைத்தார். ஆகவே உண்மை, கையாளுதல் ஆகிய இரண்டையும் சேர்த்தே நாம் ஆராயவேண்டும்.

நோக்கத்தைக் கொண்டு விவரணப்படங்களை இரு வகையாகப் பிரித்து நோக்கலாம்.

(அ) பிரசார விவரணப்படம்: ஒரு பொருளையோ, நிறுவனத்தையோ, அரசையோ மக்கள் விரும்பும்படி செய்வதற்காக எடுக்கப்படுவது.
(ஆ) புலனாய்வு விவரணப்படம்: மறைக்கப்பட்ட அநீதி ஒன்றை ஆதாரங்களுடன் வெளிக்கொணர்வதற்காக எடுக்கப்படுவது.

தேயிலையைப் பொறுத்தவரை இவ்விரு வகைக்கும் நமது நாட்டிலேயே உதாரணங்கள் உண்டு.

3. 'சோங் ஒஃப் சிலோன்' (1934)

பசில் ரைட் இயக்கி, ஜோன் கிரியர்சன் தயாரித்த 'சோங் ஒஃப் சிலோன்' 1934ஆம் ஆண்டில் வெளிவந்தது. இலங்கைத் தேயிலைப் பிரசார சபைக்காக எடுக்கப்பட்ட இப்படம் நான்கு பகுதிகளைக் கொண்டது. றொபேட் நொக்ஸ் 1681இல் வெளியிட்ட நூலின் பகுதிகள் வர்ணனையாகப் பயன்படுத்தப்பட்டன. அவற்றை வாசித்தவர் நமது நாட்டின் புகழ்பெற்ற புகைப்படக் கலைஞர் லயனல் வென்ட். 1935இல் பிரசல்ஸ் திரைப்பட விழாவில் இப்படம் பரிசு பெற்றது. ஒலி, ஒளி, படத்தொகுப்பு ஆகியவற்றில் இது ஒரு சிறந்த படைப்பு என இன்றும் மதிக்கப்படுகிறது.

இப்படத்தின் மூன்றாம் பகுதி வணிகத்தின் குரல்களைப் பற்றியது. தீவின் காட்சிகளின்மேல் சந்தை விலைகளும் வர்த்தகக் கட்டளைகளும் குரல்களாக ஒலிக்கின்றன. இயக்குநர் காலனித்துவ வணிகத்தைச் சற்று ஏளனமாகவே காட்டியுள்ளார் என விமர்சகர் சிலர் கூறுவர். ஆயினும், தேயிலைத் தொழிலாளர் தமது சம்பளத்தைப் பற்றியோ லயன் வாழ்க்கையைப் பற்றியோ தமது சொந்தக் குரலில் பேசும் இடம் இப்படத்தில் இல்லை.

கவனிக்க: ஒரு படம் கலையழகில் உயர்ந்ததாக இருக்கலாம். அதே படம் ஒரு சாராரின் குரலை முற்றாக விட்டுவிடவும் கூடும். பரீட்சையில் இவ்விரண்டையும் தனித்தனியே மதிப்பிட்டு எழுதவும்.

4. கமராவுக்கு முன்னர் பேனா

அக்காலத்தில் தொழிலாளர் நிலையை வெளிக்கொணர முயன்றவர் ஒருவரும் இல்லையா? இருந்தார். தஞ்சாவூரிலிருந்து வந்த கோ. நடேசய்யர் அவர்களுள் முதன்மையானவர். வெளியார் தோட்டங்களுக்குள் எளிதில் நுழைய முடியாத காலம் அது. எனவே அவர் துணி வியாபாரியைப் போலத் தோட்டங்களுக்குச் சென்று தொழிலாளரின் நிலையைக் கண்டறிந்தார் என அவரது வரலாற்றை எழுதியோர் குறிப்பிடுவர்.

'தேசநேசன்', 'தேசபக்தன்' ஆகிய பத்திரிகைகளின் வாயிலாக அவர் தோட்டத் தொழிலாளரின் குறைகளை எழுதினார். 1931இல் அட்டனைத் தளமாகக் கொண்டு தொழிலாளர் சம்மேளனம் ஒன்றை அமைத்தார். அவரது துணைவியார் மீனாட்சியம்மையார் தோட்டங்களில் விழிப்புணர்வுப் பாடல்களைப் பாடினார். 1936இல் நடேசய்யர் அரசாங்க சபைக்கு அட்டன் தொகுதியிலிருந்து தெரிவானார்.

நேரில் சென்று பார்த்தல், தகவல் திரட்டல், வெளியிடுதல், அதன்பின் மக்களை அமைப்பாக்குதல் என்பன அவர் பின்பற்றிய வழிகளாகும். பிற்கால விவரணப்பட இயக்குநரும் இவ்வழியிலேயே செல்கின்றனர். கருவி மட்டுமே மாறியது.

5. 'ஒரு கோப்பைத் தேநீரின் விலை' (1973)

பிரித்தானியாவின் கிரனாடா தொலைக்காட்சி 1963 முதல் 1998 வரை 'வேர்ல்ட் இன் அக்ஷன்' என்னும் புலனாய்வு நிகழ்ச்சித் தொடரை ஒளிபரப்பியது. அத்தொடரில் 1973இல் ஒளிபரப்பான 'ஒரு கோப்பைத் தேநீரின் விலை' என்ற பொருளுடைய தலைப்புக் கொண்ட நிகழ்ச்சி, இலங்கையில் பிரித்தானியக் கம்பனிகளுக்குச் சொந்தமாக இருந்த தோட்டங்களின் நிலையைக் காட்டியது. தொழிலாளரின் குறைந்த சம்பளம், லயன் காம்பராக்களின் நெருக்கடி, பிள்ளைகளின் போசாக்கின்மை ஆகியன பிரித்தானிய மக்களின் வீட்டு வரவேற்பறைக்கே வந்து சேர்ந்தன.

இந்நிகழ்ச்சி ஏன் முக்கியத்துவம் பெற்றது? மூன்று காரணங்களை நினைவில் வைத்திருங்கள்.

(அ) பார்வையாளரே வாங்குபவர்: நிகழ்ச்சியைப் பார்த்தவரின் கையில் இருந்த தேநீர் அத்தோட்டங்களிலிருந்து வந்தது. உரிமையாளர்களான ஸ்ரேர்லிங் கம்பனிகளும் பிரித்தானியாவிலேயே பதிவாகியிருந்தன. எனவே கேள்வி கேட்கவேண்டியவரிடமே செய்தி போய்ச் சேர்ந்தது.

(ஆ) தொழிலாளருக்கு வாக்கு இல்லை: 1948ஆம் ஆண்டின் பிரஜாவுரிமைச் சட்டத்தினால் மலையகத் தமிழர் பெரும்பாலோர் பிரஜாவுரிமையை இழந்தனர். 1964இல் செய்யப்பட்ட சிறிமா – சாஸ்திரி ஒப்பந்தத்தின்படி 5,25,000 பேரை இந்தியா ஏற்பது என்றும், 3,00,000 பேருக்கு இலங்கை பிரஜாவுரிமை வழங்குவது என்றும் முடிவாயிற்று. 1973இலும் பெருந்தொகையானோர் வாக்கின்றியே இருந்தனர். வாக்கில்லாத மக்களின் குரல் பாராளுமன்றத்தில் எடுபடுவது கடினம்.

(இ) பஞ்ச காலம்: 1973, 1974ஆம் ஆண்டுகளில் உலகச் சந்தையில் தானிய விலை ஏறியது. நமது நாட்டில் பங்கீட்டு உணவு குறைக்கப்பட்டு, கோதுமை மாவின் விலை உயர்ந்தது. ரொட்டியை நம்பி வாழ்ந்த, பயிரிடச் சொந்த நிலமற்ற தோட்ட மக்களே மிகவும் பாதிக்கப்பட்டனர். 1974இல் தோட்டப் பகுதிகளில் இறப்பு வீதம் உயர்ந்தது. உங்கள் பாட்டா, பாட்டிமாரிடம் 'பஞ்ச காலம்' என்று கேட்டுப்பாருங்கள். இன்றும் சொல்வார்கள்.

1974இல் 'வோர் ஒன் வோன்ட்' என்னும் பிரித்தானியத் தொண்டு நிறுவனம் இலங்கைத் தேயிலைத் தோட்டங்களைப் பற்றி ஈடித் பொண்ட் எழுதிய ஆய்வறிக்கையை வெளியிட்டது. காட்சியை அறிக்கை உறுதிப்படுத்தியது. ஒரு படம் மட்டும் தனியே நின்றால் அதனை மறுப்பது எளிது. ஆய்வும் சேர்ந்தால் மறுப்பது கடினமாகும்.

6. அதன்பின் நடந்தது என்ன?

1972ஆம் ஆண்டின் காணிச் சீர்திருத்தச் சட்டம் தனியாருக்கு 50 ஏக்கர் என்ற உச்ச எல்லையை விதித்தது. 1975ஆம் ஆண்டின் திருத்தத்தினால் கம்பனித் தோட்டங்களும் அரசுடைமையாயின. அவை ஜனவசம, அரச பெருந்தோட்டக் கூட்டுத்தாபனம் ஆகியவற்றின் நிருவாகத்துக்கு வந்தன. 1992இல் தோட்ட முகாமைத்துவம் மீண்டும் தனியார் கம்பனிகளிடம் கையளிக்கப்பட்டது.

இவ்விடத்தில் மாணவர் பலர் ஒரு பிழையை விடுவர். "1973இல் படம் வந்தது, 1975இல் தோட்டங்கள் அரசுடைமையாயின. ஆகவே படத்தினால்தான் அரசுடைமையாயின" என்று எழுதுவர். இது தவறு. காணிச் சீர்திருத்தத்துக்கு 1971ஆம் ஆண்டின் இளைஞர் கிளர்ச்சி, நாட்டின் நிலப் பிரச்சினை முதலான உள்நாட்டுக் காரணங்கள் இருந்தன. ஒன்றன்பின் ஒன்றாக நிகழ்வது வேறு. ஒன்றினால் மற்றொன்று நிகழ்வது வேறு.

மேலும், அரசுடைமையாக்கத்தினால் தொழிலாளருக்குக் காணி கிடைக்கவில்லை. சில பகுதிகளில் தொழிலாளர் குடும்பங்கள் தோட்டங்களை விட்டு வெளியேற்றப்பட்டன. உரிமையாளர் மாறினர், லயன் மாறவில்லை. பிரஜாவுரிமைப் பிரச்சினை முற்றாகத் தீர 2003ஆம் ஆண்டின் சட்டம் வரை காத்திருக்க நேர்ந்தது.

அப்படியானால் படத்தினால் பயன் இல்லையா? உண்டு. "எமக்குத் தெரியாது" என்று எவரும் இனிச் சொல்ல முடியாதபடி அது செய்தது. இருட்டறையில் விளக்கு ஏற்றுவது போன்றது இப்பணி. விளக்கு அறையைத் துப்புரவாக்காது. துப்புரவாக்கத் தொழிற்சங்கம், சட்டம், வாக்கு, கல்வி ஆகிய கைகள் வேண்டும். ஆனால் விளக்கு இல்லாமல் அக்கைகளால் வேலை செய்யவும் முடியாது.

7. 'குட்டி ஜப்பானின் குழந்தைகள்' (1990)

இனி, தமிழ் மொழியிலேயே எடுக்கப்பட்ட ஒரு விவரணப்படத்தை நோக்குவோம். தமிழ்நாட்டின் சிவகாசி, தீப்பெட்டி, பட்டாசு, அச்சுத் தொழில்களுக்குப் பேர்போன ஊர். சுறுசுறுப்பான கைத்தொழில் நகரம் என்பதனால் 'குட்டி ஜப்பான்' எனப் புகழப்பட்டது. கர்நாடகத்தைச் சேர்ந்த சலம் பென்னூர்கர் என்னும் இயக்குநர் 1990இல் எடுத்த படம் 'குட்டி ஜப்பானின் குழந்தைகள்'. தலைப்பே ஒரு கேள்வி. ஊருக்குப் புகழ் கிடைத்தது. அப்புகழை உழைத்துக் கொடுத்த பிள்ளைகளுக்கு என்ன கிடைத்தது?

விடியுமுன்னரே தொழிற்சாலை பஸ்கள் கிராமங்களுக்கு வந்து பிள்ளைகளை ஏற்றிச் சென்றன. பிள்ளைகள் குச்சிகளைச் சட்டங்களில் அடுக்கினர், பெட்டிகள் ஒட்டினர், இரசாயனப் பொருட்களுக்கு அருகில் நாள் முழுவதும் இருந்தனர். செய்து முடித்த எண்ணிக்கைக்கே கூலி. சிறு விரல்கள் விரைவாக வேலை செய்யும் என்பது முதலாளிமார் கூறிய நியாயம். பெரியவருக்குக் கொடுப்பதைவிடக் குறைந்த கூலி போதும் என்பது உண்மைக் காரணம்.

இந்திய அரசியலமைப்பின் 24ஆம் உறுப்புரை 14 வயதுக்குக் குறைந்த பிள்ளைகளைத் தொழிற்சாலைகளில் அமர்த்துவதைத் தடுக்கிறது. 1986இல் சிறுவர் தொழிலாளர் தடைச் சட்டமும் வந்தது. சட்டம் இருந்தும் 1990இல் படம் எடுக்கவேண்டியிருந்தது. சட்டப் புத்தகத்துக்கும் தெருவுக்கும் இடையிலுள்ள தூரத்தையே இத்தகைய படங்கள் அளந்து காட்டுகின்றன.

சிவகாசிச் சிறுவர்கள் தொடர்பாக எம்.சி. மேத்தா என்னும் சட்டத்தரணி தொடுத்த வழக்கில், 1996 டிசெம்பர் 10ஆந் திகதி இந்திய உயர் நீதிமன்றம் தீர்ப்பளித்தது. ஆபத்தான தொழிலில் அமர்த்திய ஒவ்வொரு பிள்ளைக்கும் முதலாளி 20,000 ரூபாய் நலநிதியில் செலுத்தவேண்டும், பிள்ளையின் குடும்பத்தில் வளர்ந்தவர் ஒருவருக்கு வேலை கொடுக்கவேண்டும், அது இயலாவிடில் அரசு 5,000 ரூபாய் செலுத்தவேண்டும் என்பன அதன் முக்கிய அம்சங்கள். பிள்ளையை வேலையிலிருந்து நிறுத்தினால் மட்டும் போதாது, அந்த வீட்டு அடுப்பு எரியவும் வழி வேண்டும் என்பதைத் தீர்ப்பு ஏற்றுக்கொண்டது.

8. புலனாய்வு விவரணப்படம் உருவாகும் படிமுறைகள்

நமக்குப் பழக்கமான ஒரு கற்பனை உதாரணத்தைக் கொண்டு விளங்கிக்கொள்வோம். கொழுந்து நிறுக்கும்போது நியாயமற்ற முறையில் கிலோ கழிக்கப்படுகிறது என்று ஒரு தொழிலாளி கூறுவதாக வைத்துக்கொள்வோம்.

படி 1 – தகவல் திரட்டல்: ஒருவர் கூறியதைப் பலரிடம் விசாரித்தல். அது ஒருநாள் நடந்ததா, நாள்தோறும் நடப்பதா என அறிதல்.

படி 2 – நம்பிக்கையும் ஒப்புதலும்: படத்தில் தோன்றுபவருக்குப் படம் எதற்காக, எங்கே காட்டப்படும், அதனால் என்ன பாதிப்பு வரலாம் என்பதைத் தெளிவாகக் கூறி ஒப்புதல் பெறுதல்.

படி 3 – ஆவணச் சான்று: சம்பளத் துண்டு, செக்ரோல் பதிவு, நிறுத்த அளவைக் குறித்த துண்டு ஆகியவற்றை ஒப்பிடுதல்.

படி 4 – படப்பிடிப்பு: தராசு, கூடை, பதிவு செய்யும் கை, காத்திருக்கும் வரிசை ஆகியவற்றை உள்ளபடி பதிவுசெய்தல்.

படி 5 – மறுதரப்பின் விளக்கம்: தோட்ட நிருவாகத்திடம் விளக்கம் கேட்டு, அதனையும் படத்தில் சேர்த்தல். கூடையின் பாரத்துக்கும் ஈரத்துக்கும் கழித்தோம் என்று கூறினால், கழித்த அளவு அதற்குப் பொருந்துகிறதா எனச் சரிபார்த்தல்.

படி 6 – படத்தொகுப்பு: சொன்னவரின் கருத்து மாறாமல் தொகுத்தல்.

படி 7 – திரையிடலும் தொடர் நடவடிக்கையும்: படத்தில் தோன்றியவருக்கு முதலில் காட்டுதல். அதன்பின் பொதுமக்கள், தொழிற்சங்கம், அதிகாரிகள் ஆகியோரிடம் கொண்டுசெல்லல்.

இவ்வேழு படிகளுள் ஐந்தாம் படியை விட்டுவிட்டால் அது புலனாய்வு ஆகாது, குற்றச்சாட்டு மட்டுமே ஆகும். இரண்டாம் படியை விட்டுவிட்டால், சுரண்டப்பட்டவரை நாமும் ஒருமுறை சுரண்டியவர் ஆவோம்.

9. ஆபத்தும் அறமும்

2017இல் திவ்யபாரதி இயக்கிய 'கக்கூஸ்' என்னும் தமிழ் விவரணப்படம் வெளிவந்தது. மனிதக் கழிவை மனிதரே அகற்றும் தொழிலை இந்தியாவில் 2013ஆம் ஆண்டின் சட்டம் தடைசெய்திருந்தும், அத்தொழில் தொடர்வதை இப்படம் காட்டியது. தமிழ்நாட்டில் இப்படத்தின் திரையிடல் தடுக்கப்பட்டதும் உண்டு. இயக்குநர் வழக்குகளையும் மிரட்டல்களையும் எதிர்கொண்டார். படம் இணையத்தின் வழியாகப் பரவலாகப் பார்க்கப்பட்டது.

2023 பெப்ரவரியில் பி.பி.சி.யின் 'பனோரமா' நிகழ்ச்சி கென்யாவின் தேயிலைத் தோட்டங்களைப் பற்றியது. மேற்பார்வையாளர்களால் பாலியல் துன்புறுத்தலுக்கு உள்ளானதாக 70க்கும் மேற்பட்ட பெண்கள் கூறினர். பெண் செய்தியாளர் ஒருவர் தன்னை வெளிக்காட்டாமல் வேலை தேடிச் சென்று, இரகசியக் கமராவில் பதிவுசெய்தார். 1973இல் இலங்கைத் தோட்டங்களைப் பற்றி எழுந்த அதே கேள்வி, 50 ஆண்டுகளின் பின் வேறொரு நாட்டில் எழுந்தது.

இரகசியக் கமராவைப் பயன்படுத்தலாமா? வேறு வழியில் உண்மையை அறிய முடியாதபோது, பொதுநலன் தெளிவாக இருக்கும்போது, பாதிக்கப்பட்டவரின் அடையாளம் பாதுகாக்கப்படும்போது மட்டுமே இது நியாயம் எனப் பொதுவாகக் கொள்வர். விளையாட்டுக்கோ, பழிவாங்கவோ கைத்தொலைபேசியில் ஒருவரை மறைந்திருந்து பதிவுசெய்வது புலனாய்வு அன்று.

சிறுவர் விடயத்தில் மேலும் கவனம் தேவை. பாதிக்கப்பட்ட பிள்ளையின் முகம், பெயர், பாடசாலை ஆகியவற்றை வெளியிடக் கூடாது.

10. எப்படத்தையும் நோக்கிக் கேட்கவேண்டிய நான்கு வினாக்கள்

1. இப்படத்துக்குப் பணம் கொடுத்தவர் யார்?
2. இதில் பேசுபவர் யார்? பேசாமல் காட்டப்படுபவர் யார்?
3. கூறப்படுவதற்குச் சான்று என்ன?
4. இதில் விடுபட்டது என்ன?

'பணம், பேச்சு, சான்று, விடுபாடு' என்று மனப்பாடம் செய்துகொள்ளுங்கள். தேயிலைப் பக்கற் அட்டை முதல் தொலைக்காட்சிச் செய்தி வரை எல்லாவற்றுக்கும் இவை பொருந்தும். புலனாய்வு விவரணப்படத்தையும் இவ்வினாக்களாலேயே சோதிக்கவேண்டும். நல்ல நோக்கத்துடன் எடுத்த படத்திலும் பிழை இருக்கலாம்.

11. காலவரிசைச் சுருக்கம்

1931 – அட்டனைத் தளமாகக் கொண்டு நடேசய்யரின் தொழிலாளர் சம்மேளனம்
1934 – 'சோங் ஒஃப் சிலோன்'
1948 – பிரஜாவுரிமைச் சட்டம்
1973 – 'ஒரு கோப்பைத் தேநீரின் விலை'
1975 – கம்பனித் தோட்டங்கள் அரசுடைமையாதல்
1990 – 'குட்டி ஜப்பானின் குழந்தைகள்'
1996 – சிவகாசிச் சிறுவர் வழக்கின் தீர்ப்பு
2017 – 'கக்கூஸ்'
2023 – கென்யத் தேயிலைத் தோட்டங்கள் பற்றிய பி.பி.சி. நிகழ்ச்சி

12. அருஞ்சொல் விளக்கம்

சுரண்டல் – ஒருவரின் உழைப்புக்கு உரிய பயனைக் கொடாது மற்றவர் அனுபவித்தல்
புலனாய்வு – மறைந்துள்ளதைச் சான்றுடன் தேடிக் கண்டறிதல்
ஒப்புதல் – விளைவை அறிந்து மனம் விரும்பி அளிக்கும் சம்மதம்
படத்தொகுப்பு – எடுத்த காட்சிகளைத் தெரிவுசெய்து ஒழுங்குபடுத்தல்
ஸ்ரேர்லிங் கம்பனி – பிரித்தானியாவில் பதிவாகி, இலங்கையில் தோட்டங்களை உடைமையாகக் கொண்டிருந்த கம்பனி
படங்கு – கொழுந்து பறிப்போர் இடுப்பைச் சுற்றிக் கட்டும் தடித்த துணி

13. பயிற்சி வினாக்கள்

பகுதி அ – சரியான விடையைத் தெரிவுசெய்க.

1. 'சோங் ஒஃப் சிலோன்' படத்தின் இயக்குநர்
(1) ஜோன் கிரியர்சன் (2) லயனல் வென்ட் (3) பசில் ரைட் (4) றொபேட் நொக்ஸ்

2. 'குட்டி ஜப்பானின் குழந்தைகள்' எந்த ஊரின் சிறுவர் தொழிலாளரைப் பற்றியது?
(1) மதுரை (2) சிவகாசி (3) அட்டன் (4) தஞ்சாவூர்

3. கம்பனித் தோட்டங்கள் அரசுடைமையாக்கப்பட்ட ஆண்டு
(1) 1948 (2) 1964 (3) 1975 (4) 1992

4. குற்றஞ்சாட்டப்பட்ட தரப்பிடம் விளக்கம் கேட்பதன் முதன்மை நோக்கம்
(1) படத்தின் நீளத்தைக் கூட்டுதல் (2) நடுநிலையையும் உண்மையையும் உறுதிசெய்தல் (3) அவர்களை மிரட்டுதல் (4) பணம் பெறுதல்

விடைகள்: 1 – (3), 2 – (2), 3 – (3), 4 – (2)

பகுதி ஆ – அமைப்புக் கட்டுரை வினா

'சோங் ஒஃப் சிலோன்', 'ஒரு கோப்பைத் தேநீரின் விலை' ஆகிய இரண்டும் தேயிலையுடன் தொடர்புடையவை.
(i) இரண்டினதும் நோக்கங்களை ஒப்பிடுக. (4 புள்ளிகள்)
(ii) இரண்டாவது நிகழ்ச்சி முக்கியத்துவம் பெற்றதற்கான காரணங்கள் மூன்று தருக. (6 புள்ளிகள்)
(iii) "விவரணப்படம் மட்டும் சமூகத்தை மாற்றிவிடாது." இக்கூற்றை ஆராய்க. (10 புள்ளிகள்)

மாதிரி விடை – (iii)

விவரணப்படம் மறைந்திருக்கும் அநீதியைப் பலர் அறியச் செய்கிறது. 1973ஆம் ஆண்டின் தொலைக்காட்சி நிகழ்ச்சி இலங்கைத் தோட்டத் தொழிலாளரின் வறுமையைத் தேநீர் அருந்தும் பிரித்தானிய மக்களுக்குக் காட்டியது. எனினும் 1975இல் தோட்டங்கள் அரசுடைமையானபோதும் தொழிலாளருக்குக் காணி கிடைக்கவில்லை. பிரஜாவுரிமைப் பிரச்சினை தீரச் சட்டம் தேவைப்பட்டது. சிவகாசியில் 1986இலேயே சட்டம் இருந்தும் சிறுவர் உழைப்புத் தொடர்ந்ததை 1990ஆம் ஆண்டின் படம் காட்டியது. 1996இல் நீதிமன்றம் நிதியும் குடும்பத்துக்கு வேலையும் வழங்கும்படி கட்டளையிட்டது. எனவே சட்டம் மட்டும் போதாது, படம் மட்டும் போதாது. மக்கள் அறிதல், அமைப்பாதல், சட்டம், அதனை நடைமுறைப்படுத்தல் ஆகிய நான்கும் சேரும்போதே மாற்றம் நிலைக்கும். இவற்றுள் முதற்படியாகிய அறிதலை விவரணப்படம் நிறைவேற்றுகிறது.

பரீட்சைக் குறிப்பு: 'ஆராய்க' என்றால் ஒரு பக்கத்தை மட்டும் எழுதினால் முழுப் புள்ளி கிடைக்காது. கூற்றுக்கு ஆதரவாகவும் எதிராகவும் எழுதி, இறுதியில் உங்கள் முடிவைக் காரணத்துடன் தருக. படத்தின் பெயரை எழுதும்போது ஆண்டையும் எழுதுக.

பகுதி இ – செயற்பாடு

உங்கள் வீட்டில் மலைக்கு வேலைக்குச் செல்லும் ஒருவரிடம் அனுமதி பெற்று, அவரது ஒரு நாளைப் பெரட்டு முதல் வீடு திரும்பும் வரை பத்துக் காட்சிகளாக எழுதுக. ஒவ்வொரு காட்சிக்கும் எதிரே, தேயிலை விளம்பரத்தில் அக்காட்சி வருகிறதா, இல்லையா எனக் குறிப்பிடுக.

14. நிறைவாக

மாணவர்களே, இப்பாடம் நமக்குத் தொலைவிலுள்ள விடயம் அன்று. நமது தோட்டங்களிலிருந்து கடைகளுக்கும் வீடுகளுக்கும் வேலைக்கு அனுப்பப்பட்ட பிள்ளைகளை நாம் அறிவோம். நமது நாட்டில் வேலைக்கு அமர்த்தக்கூடிய ஆகக்குறைந்த வயது 2021ஆம் ஆண்டின் சட்டத் திருத்தத்தினால் 14இலிருந்து 16 ஆக உயர்த்தப்பட்டது. உங்கள் வகுப்புத் தோழர் ஒருவர் திடீரெனப் பாடசாலைக்கு வராமல் நின்று, வேலைக்குப் போய்விட்டார் என்று கேள்விப்பட்டால் ஆசிரியரிடம் கூறுங்கள். தேசிய சிறுவர் பாதுகாப்பு அதிகாரசபையின் 1929 என்னும் இலக்கத்துக்கும் அறிவிக்கலாம். அதற்குக் கமரா தேவையில்லை.

சோங் ஒஃப் சிலோன் எடுத்தவரும் வெளியிலிருந்து வந்தார். கிரனாடா தொலைக்காட்சியினரும் வெளியிலிருந்தே வந்தனர். நமது மலைகளைப் பற்றிப் பிறர் எடுத்த படங்களையே இதுவரை நாம் படித்தோம். படங்கு இல்லை என்பதைப் பார்த்தவுடன் கண்டுபிடித்தவர் உங்களைப் போன்ற ஒரு மாணவி. அந்தக் கண் உங்களிடம் இருக்கிறது. சான்று தேடும் பொறுமையையும், பிறர் மானத்தைக் காக்கும் அறத்தையும் அதனுடன் சேர்த்துக்கொள்ளுங்கள். நாளை நமது கதையை நாமே சொல்லலாம்.

இப்பாடத்தை ஒருமுறை வாசித்தபின் புத்தகத்தை மூடிவைத்து, நான்கு வினாக்களையும் ஏழு படிமுறைகளையும் எழுதிப் பாருங்கள். விடுபட்டவற்றை மீண்டும் படியுங்கள். பரீட்சையில் சிறப்புச் சித்தியடைய வாழ்த்துகள்.